குழாயை மிதித்த பையனிலிருந்து ஆரம்பியுங்கள்: மௌனப்பட ஸ்லாப்ஸ்டிக் பார்க்க ஒரு முழுமையான வழிகாட்டி

போன கோடை விடுமுறையில் அக்கா பிள்ளைகள் மூன்று பேர் வீட்டுக்கு வந்திருந்தார்கள். ஒரு நாள் ராத்திரி மொட்டை மாடிச் சுவரில் புரொஜெக்டர் வைத்து, மௌனப்பட காமெடி நடிகர் பஸ்டர் கீட்டனின் பழைய குறும்படம் ஒன்றைப் போட்டேன். ஐந்து நிமிஷம் தாங்கவில்லை. "மாமா, எல்லாரும் ஏன் எறும்பு மாதிரி ஓடுறாங்க?" என்று கேட்டுவிட்டுச் சின்னவன் கீழே இறங்கிப் போய்விட்டான். படத்தைக் குறை சொல்ல முடியாது. நான் போட்ட பிரதி வெளிறிப்போனது, ஓடிய வேகம் தப்பு, ஆரம்பித்த இடமும் தப்பு.

அதற்கப்புறம் ஒரு வரிசை போட்டு வைத்துக்கொண்டேன். மௌனப்பட காமெடியை எங்கே ஆரம்பிப்பது என்று யாராவது கேட்டால் இப்போது அதைத்தான் சொல்கிறேன். ஐந்தே படங்கள், எல்லாம் சேர்ந்து ஏறக்குறைய ஒன்றரை மணி நேரத்தில் முடிந்துவிடும். ஒரு நோட்டும் பேனாவும் பக்கத்தில் இருக்கட்டும்.

நோட்டில் மூன்று பத்தி போட்டுக்கொள்ளுங்கள். முதல் பத்தி: வரப்போகிற ஆபத்து நமக்கு எப்போது தெரிந்தது? இரண்டாவது: படத்தில் மாட்டிக்கொள்கிறவனுக்கு எப்போது தெரிந்தது? மூன்றாவது: அடி எப்போது விழுந்தது? இந்த மூன்று நேரங்களுக்கும் நடுவில் இருக்கிற இடைவெளியில்தான் ஸ்லாப்ஸ்டிக் என்கிற அடி, விழுகைக் காமெடி குடியிருக்கிறது என்பது என் கட்சி. தெருவில் ஒருவர் வழுக்கி விழுந்தால் ஓடிப்போய்த் தூக்குகிறோம். அதே ஆள் விழப்போகிற இடத்தை ஒருவன் நமக்கு மட்டும் முன்கூட்டியே காட்டி வைத்துவிட்டால் சிரிக்கிறோம்.

'ஸ்லாப்ஸ்டிக்' என்ற பேரே ஒரு ஏமாற்று வேலையிலிருந்து வந்ததுதான். இத்தாலிய நாடக மேடைக் கோமாளிகள் இரண்டு மெல்லிய மரப்பட்டைகளைச் சேர்த்துக் கட்டிய ஒரு தடி வைத்திருந்தார்கள். அடித்தால் பட்டை பட்டையோடு மோதிப் 'பளார்' என்று சத்தம் வரும், அடி வாங்கியவனுக்கு அவ்வளவாக வலிக்காது. சத்தம் பெரிசு, வலி சின்னது. மௌனப்படத்துக்கு அந்தச் சத்தமும் கிடையாது, வெறும் படத்தை வைத்தே அந்தப் பளாரைக் கேட்க வைக்க வேண்டும்.

படி 1: நல்ல பிரதியைத் தேடுங்கள்

இதில் சோம்பல்பட்டால் மற்ற எல்லாம் வீண். இந்தப் படங்களுக்குக் காப்புரிமைக் காலம் முடிந்துவிட்டது. அதனால் யார் வேண்டுமானாலும் யூடியூபில் ஏற்றலாம், ஏற்றியும் இருக்கிறார்கள். பிரதியின் பிரதியின் பிரதி. முகம் மாவாக வெளுத்திருக்கும், தலையோ காலோ பிரேமுக்கு வெளியே போயிருக்கும்.

சோதிக்கச் சுலபமான வழி, காலைப் பார்ப்பது. ஒருவர் நிற்கும் காட்சியில் அவருடைய ஷூவும் அதற்குக் கீழே தரையும் தெரிகிறதா? சாப்ளினும் கீட்டனும் முடிந்த இடத்திலெல்லாம் உச்சி முதல் பாதம் வரை தெரியும்படி காமிராவைத் தள்ளி வைத்தவர்கள். கால் அறுபட்ட பிரதியில் பாதிப் படம் காணாமல் போயிருக்கும். அகலத்திரைக்காக மேலும் கீழும் வெட்டிய பிரதி என்றால் உடனே மூடிவிடுங்கள்.

இத்தாலியில் போலோன்யா நகரத்துச் சினிடேக்கா என்ற திரைப்படக் காப்பகமும் பாரிஸின் லாப்ஸ்டர் பிலிம்ஸும் சாப்ளின், கீட்டன் படங்களைப் புதுப்பித்திருக்கிறார்கள். அந்தப் பேர்களை முகப்பில் பார்த்தால் நம்பி உட்காரலாம்.

படி 2: வேகத்தைச் சரிசெய்யுங்கள்

அன்றைய காமிராவைக் கையால்தான் சுற்றினார்கள். பொதுவாகக் கைப்பிடியை ஒரு சுற்று சுற்றினால் 8 பிரேம் (அதாவது 8 தனித்தனிப் படம்), நொடிக்கு இரண்டு சுற்று என்றால் 16 பிரேம். ஒரு அடி பிலிமில் 16 பிரேம், ஒரு ரீல் ஏறக்குறைய 1000 அடி. கணக்குப் போட்டுப் பாருங்கள்: நொடிக்கு 16 பிரேம் வேகத்தில் ஒரு ரீல் 16 நிமிடம் 40 நொடி ஓடும். பேசும்படம் வந்தபின் நிலைத்த 24 பிரேம் வேகத்தில் அதே ரீல் 11 நிமிடம் சொச்சத்தில் முடிந்துவிடும். என் அக்கா பையன் பார்த்த எறும்புகள் அங்கிருந்து வந்தவைதான்.

ஆனால் இதில் ஒரு சிக்கல் உண்டு. காமெடிப் படக் காமிராமேன்கள் வேண்டுமென்றே கொஞ்சம் மெதுவாகச் சுற்றுவார்கள், திரையில் வேகம் கூடட்டும் என்று. அதாவது கொஞ்சம் துறுதுறுவென்று தெரிவதுதான் அவர்கள் நினைத்த வேகம். எல்லாவற்றையும் நிஜ நடைக்கு இழுத்துவந்தால் பிட் (தனிச் சிரிப்புத் துணுக்கு) செத்துவிடும்.

நான் செய்வது இது: சண்டை, ஓட்டம் எதுவும் இல்லாமல் ஒருவர் சும்மா நடந்து வருகிற இடத்துக்குப் படத்தைத் தள்ளுவேன். சுறுசுறுப்பான ஆள் என்று தோன்றினால் வேகம் சரி. பொம்மை என்று தோன்றினால் யூடியூபில் வேகத்தை 0.75 ஆக்கிப் பார்ப்பேன். 24இல் முக்கால் 18, பெரும்பாலும் அது ஒத்துவரும். நல்ல புதுப்பித்த பிரதி என்றால் இந்த வேலையே வேண்டாம், அவர்களே பார்த்துச் செய்திருப்பார்கள்.

படி 3: குழாயும் பையனும்

முதல் பாடம் ஒரு நிமிடம்கூட ஓடாது. சினிமாவின் முன்னோடிகளான லூமியேர் சகோதரர்கள் 1895இல் எடுத்த 'லாரோசர் அரோசே'. அந்த ஆண்டு டிசம்பர் 28 அன்று பாரிஸில் கிராண்ட் கபேயில் காசு வாங்கிக்கொண்டு காட்டிய பத்துப் படங்களில் இதுவும் ஒன்று.

தோட்டக்காரர் செடிக்குத் தண்ணீர் பாய்ச்சுகிறார். பின்னால் ஒரு பையன் வந்து குழாயை மிதிக்கிறான். தண்ணீர் நிற்கிறது. என்ன ஆச்சு என்று தோட்டக்காரர் குழாய் வாயைக் கண்ணுக்கு நேரே தூக்கிப் பார்க்கிறார். பையன் காலை எடுக்கிறான். முகத்தில் பீச்சியடிக்கிறது. அவனைத் துரத்திப் பிடித்து, காதைத் திருகி, நாலு அடி கொடுக்கிறார். நம் வீடுகளில் குழாயடி இருந்த காலத்தில் இதைச் செய்யாத பிள்ளை உண்டா?

இப்போது நோட்டை நிரப்புங்கள். நமக்குத் தெரிந்தது கால் குழாயின் மேல் விழுந்தபோது. தோட்டக்காரருக்குத் தெரிந்தது முகம் நனைந்த பிறகு. அந்தச் சில நொடிகள் முழுக்க ரகசியம் நமக்கும் பையனுக்கும் நடுவில் இருக்கிறது. அவர் குழாய் வாயை முகத்துக்குக் கொண்டுபோகும் அந்த நிதானத்தில் நாம் ஏற்கனவே சிரிக்க ஆரம்பித்துவிட்டோம். தண்ணீர் வருவது வெறும் ரசீது.

இன்னொரு தடவை போடுங்கள். இந்தத் தடவை இடத்தை மட்டும் பாருங்கள். பையன் ஓடுகிறான், தோட்டக்காரர் பின்னாலேயே ஓடிப் பிடிக்கிறார். பிடித்த இடத்திலேயே அடிக்கலாம் இல்லையா? அடிக்கவில்லை. காமிராவுக்கு முன்னால் இழுத்துக்கொண்டு வந்து, நமக்கு நன்றாகத் தெரிகிற இடத்தில் நிறுத்தி அடிக்கிறார். காமிரா நகராது, ஷாட்டும் மாறாது, அதனால் மனிதர்தான் பிரேமுக்குள் வந்தாக வேண்டும். கோபம் தலைக்கேறிய ஒருவர் நமக்காக இந்த ஏற்பாட்டைச் செய்கிறார் என்பது எனக்கு ஒவ்வொரு தடவையும் தனிச் சிரிப்பு.

படி 4: கடிகாரத்துக்கு வைத்தியம்

அடுத்து சாப்ளின், 1916இல் வந்த 'தி பான்ஷாப்'. இருபது வருஷம் தாண்டிக் குதிக்கிறோம். நடுவில் பிரான்ஸில் பட்டுத் தொப்பியும் கோட்டுமாக மாக்ஸ் லின்டர் இருக்கிறார், அவரை அப்புறம் நிதானமாகப் பாருங்கள். அமெரிக்காவில் 1912இல் மாக் சென்னட் தொடங்கிய கீஸ்டோன் கம்பெனி இருக்கிறது. தொப்பை போலீஸ்காரர்கள் ஒரே காரில் அடைந்துகொண்டு போய் எதிலாவது மோதுவது அவர்களுடைய சொத்து. எனக்கு கீஸ்டோன் படங்கள் இரண்டுக்கு மேல் தொடர்ந்து பார்த்தால் தலைவலி. நடிகை மேபெல் நார்மண்ட் இருக்கும் படங்கள் விலக்கு, அவர் கண்ணாலேயே ஒரு பிட்டைக் கட்டுவார்.

சாப்ளின் 1913 கடைசியில் கீஸ்டோனில் வாரம் 150 டாலருக்குச் சேர்ந்து 1914 என்ற ஒரே வருஷத்தில் ஏறக்குறைய முப்பத்தைந்து படங்களில் நடித்துத் தள்ளினார். 1916இல் மியூச்சுவல் கம்பெனிக்குப் போனபோது சம்பளம் வாரம் 10,000 டாலர். அதைவிட முக்கியம், நேரம் கிடைத்தது. 12 படங்களை எடுக்க ஏறக்குறைய ஒன்றரை வருஷம் எடுத்துக்கொண்டார். ஒரு பிட்டைத் திரும்பத் திரும்ப எடுத்து இழைக்க முடிந்தது. 'தி பான்ஷாப்' அந்தப் பன்னிரண்டில் ஒன்று.

அடகுக் கடை. ஒருவர் அலாரம் கடிகாரத்தை அடகு வைக்க வருகிறார். சாப்ளின் அதை வாங்கி ஸ்டெதஸ்கோப் வைத்து நெஞ்சுத் துடிப்பு பார்க்கிறார், வைத்தியர் போல விரலால் தட்டிப் பார்க்கிறார். அப்புறம் டின் ஓப்பனரால் பின்மூடியைத் திறந்து மோந்து பார்க்கிறார், கெட்டுப்போன மீன் டின்னைத் திறந்தது போல முகம் சுளிக்கிறார். உள்ளேயிருந்து சுருளை உருவி, துணிக்கடைக்காரர் ரிப்பன் அளப்பது போல அளக்கிறார். மேஜையில் கொட்டிய பாகங்கள் புழுவாக நெளிகின்றன. எண்ணெய்ப் பீச்சானால் அவற்றை அடக்குகிறார். கடைசியில் எல்லாவற்றையும் வாரி வாடிக்கையாளர் தொப்பியிலேயே கொட்டிக் கொடுத்து, 'இது தேறாது' என்று தலையை ஆட்டுகிறார்.

இங்கே நோட்டில் முதல் பத்தி காலியாகவே கிடக்கும். கடிகாரம் அடுத்து என்னவாகப் போகிறது என்று நமக்கும் தெரியாது. நோயாளியா, மீன் டின்னா, ரிப்பனா, புழுவா? அடி விழப்போகிறது என்று தெரியும், எந்தப் பக்கத்திலிருந்து என்றுதான் தெரியாது. இரண்டாம் முறை பார்க்கும்போது சாப்ளினை விட்டுவிட்டு எதிரே நிற்கும் வாடிக்கையாளரை மட்டும் பாருங்கள். ஆல்பர்ட் ஆஸ்டின் என்ற நடிகர். தன் கடிகாரம் கண் முன்னால் சாகும்போதும் மனிதர் முகத்தில் ஒரு சலனமும் இல்லை. மருத்துவரிடம் வந்துவிட்டோம், அவர் பார்த்துக்கொள்வார் என்கிற நம்பிக்கை. அந்த முகம் இல்லையென்றால் இது வெறும் சேட்டை.

படி 5: பெட்டியில் வந்த வீடு

இனி கீட்டன், 1920இல் வந்த 'ஒன் வீக்'. எட்டி க்ளைனோடு சேர்ந்து இயக்கியது. இதற்கு மட்டும் ஒரு மாலை முழுக்க ஒதுக்குங்கள். என் அக்கா பையன் எழுந்து போன படமும் இதுதான்.

கீட்டனைப் பற்றி ஒரு விஷயம் தெரிந்துகொண்டு உட்கார்ந்தால் நல்லது. அப்பா, அம்மாவோடு சின்ன வயதிலேயே மேடை ஏறியவர். அப்பா பையனைத் தூக்கி மேடையில் எறிவதுதான் நிகழ்ச்சியே. தூக்க வசதியாக முதுகில் ஒரு பெட்டிக் கைப்பிடியைத் தைத்து வைத்திருந்தார்கள். தான் சிரித்தால் சபை குறைவாகச் சிரிக்கிறது என்பதை அந்தப் பையன் அங்கேயே கண்டுபிடித்துவிட்டான். சிரிக்காத முகம் அப்படி வந்தது.

கதை இவ்வளவுதான்: புதுமணத் தம்பதிக்கு மனையும், பெட்டி பெட்டியாகப் பிரித்து அடுக்கிய ஒரு வீடும் பரிசாக வருகின்றன. பெட்டிகளின் எண் வரிசைப்படி மாட்டினால் வீடு. அந்தப் பெண்ணை மணக்க ஆசைப்பட்டுத் தோற்ற ஒருவன் யாருக்கும் தெரியாமல் எண்களை மாற்றி எழுதிவிடுகிறான். நாட்காட்டித் தாள்கள் ஒவ்வொன்றாகக் கிழிகின்றன, வீடு கோணல்மாணலாக எழும்புகிறது.

முதல் முறை நிறுத்தாமல் பாருங்கள். சிரிப்பு வந்தால் சிரியுங்கள், குறிப்பு எடுக்க வேண்டாம். இரண்டாம் முறை ரிமோட்டைக் கையில் எடுங்கள்.

எண்ணை மாற்றும் காட்சிதான் குழாயை மிதித்த கால். ஒரே வித்தியாசம், அங்கே சில நொடிகள், இங்கே ஏறக்குறைய முழுப் படமும். அந்த ஒரு ரகசியத்தின் மேல் எத்தனை பிட்டுகளை அடுக்குகிறார் என்று எண்ணுங்கள். உத்தரத்தின் நுனியில் உட்கார்ந்துகொண்டு அடிப்பக்கத்தை அறுக்கிறார். (நம் ஊரிலும் உட்கார்ந்த கிளையை வெட்டியவன் கதை உண்டு, அவன் பின்னாளில் மகாகவி ஆனதாகச் சொல்வார்கள்.) தன் மேல்கோட்டு அடியில் இருக்கக் கம்பளத்தை ஆணியடிக்கிறார், கம்பளத்தை வட்டமாக வெட்டி மேல்கோட்டை எடுக்கிறார், ஓட்டையை இன்னொரு விரிப்பால் மூடுகிறார். சுவர் பெயர்ந்து சாயும்போது ஜன்னல் திறப்பு இருக்கிற இடத்தில் நின்று தப்பிக்கிறார். இந்தக் கடைசி யோசனையைத்தான் 1928இல் 'ஸ்டீம்போட் பில் ஜூனியர்' நீளப்படத்தில் ஒரு முழு வீட்டு முகப்பாகப் பெரிதாக்கினார். உடம்புக்கும் ஜன்னல் சட்டத்துக்கும் நடுவில் சில அங்குலம்தான். இவற்றையெல்லாம் வெட்டாமல், தள்ளி நின்று, ஒரே ஷாட்டில் காட்டுவதற்குக் காரணம் இருக்கிறது. நடுவில் வெட்டினால் 'ஏதோ தந்திரம்' என்று மனசு சொல்லிவிடும், அப்புறம் பயம் போய்விடும், பயம் போனால் சிரிப்பும் போய்விடும்.

புயல் காட்சியில் வீடு தட்டாமாலை சுற்றுகிறது. நிஜமாகவே சுற்றுகிற மேடையின் மேல் கட்டிய வீடு அது. கதவு எப்போது எதிரே வருகிறது என்று காத்திருந்து கீட்டன் உள்ளே பாயப் பார்க்கிறார். இங்கே எண்ணிப் பாருங்கள்: எத்தனை தடவை தவறவிடுகிறார்? தவறும்போது உடம்பு ஒவ்வொரு தடவையும் வேறு மாதிரி விழுகிறது. ஒரே விழுகையை இரண்டு தடவை விற்க மாட்டார்.

அப்புறம் அந்த ரயில். வீட்டைத் தப்பான மனையில் கட்டிவிட்டார்கள் என்று தெரியவருகிறது, தண்டவாளத்துக்கு அந்தப் பக்கம் கொண்டுபோக வேண்டும். பீப்பாய்களின் மேல் உருட்டிக்கொண்டு போகிறார்கள். நட்டநடுத் தண்டவாளத்தில் மாட்டிக்கொள்கிறது. ரயில் வருகிறது. நகர்த்த முடியவில்லை. இருவரும் ஒதுங்கி முகத்தை மூடிக்கொள்கிறார்கள். நாமும் ஏறக்குறைய அப்படித்தான்.

ரயில் வீட்டைத் தொடாமல் பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடுகிறது.

இங்கே நிறுத்தி நோட்டைப் பாருங்கள். படம் நெடுக எல்லாம் முன்கூட்டியே தெரிந்தவர்கள் நாம்தான். முதல் முறையாக நம்மையே ஏமாற்றிவிட்டார். இரண்டு தண்டவாளம் இருப்பது தெரியாதபடி காமிராவை வைத்திருக்கிறார், அவ்வளவுதான் வித்தை. தம்பதி பெருமூச்சு விடுகிறார்கள், நாமும் விடுகிறோம். அந்த மூச்சு முடிவதற்குள் எதிர்த் திசையிலிருந்து இன்னொரு ரயில் வந்து வீட்டைச் சிதறடித்துவிடுகிறது. அவருக்கும் தெரியாது, நமக்கும் தெரியாது. மூன்று பத்தியிலும் ஒரே நேரத்தை எழுத வேண்டியதுதான்.

இடிபாட்டின் மேல் 'விற்பனைக்கு' என்ற பலகையை வைத்து, கூடவே மாட்டும் குறிப்புத் தாளையும் சேர்த்துவிட்டு, மனைவியின் கையைப் பிடித்துக்கொண்டு நடக்கிறார்.

படி 6: துரத்தலை அளவாகச் சாப்பிடுங்கள்

துரத்தல் இல்லாத மௌனப்பட காமெடி அரிது, அதனால் ஒன்றாவது பார்த்தாக வேண்டும். கீட்டனின் 'காப்ஸ்', 1922. நூற்றுக்கணக்கான போலீஸ், ஒரே ஓட்டக்காரன். வேலியின் மேல் ஏணி தராசு போல ஆடுகிற இடத்தை மட்டும் இரண்டு தடவை பாருங்கள், மற்றதை ஒரே மூச்சில்.

படி 7: அவசரப்படாத நாசம்

கடைசிப் படம் லாரல், ஹார்டி என்ற காமெடி ஜோடியின் 'பிக் பிசினஸ்', 1929இல் வந்தது. லாஸ் ஏஞ்சலஸ் வெயிலில் வீடு வீடாகக் கிறிஸ்துமஸ் மரம் விற்கிறார்கள். வீட்டுக்காரராக வரும் ஜேம்ஸ் பின்லேசன் கதவைச் சாத்துகிறார், மரத்தின் நுனி கதவில் மாட்டிக்கொள்கிறது. மறுபடி பெல், மறுபடி சாத்தல். கடைசியில் அவர் மரத்தைக் கத்தரித்துப் போடுகிறார். இவர்கள் அவர் கதவில் கைவைக்கிறார்கள். அவர் ஹார்டியின் கடிகாரத்தில் கைவைக்கிறார். இப்படியே ஏறி ஏறி, அவர் இவர்களுடைய காரைப் பிரித்துப் போட, இவர்கள் அவருடைய வீட்டை உடைக்கிறார்கள்.

பார்க்க வேண்டியது உடைப்பை அல்ல, முறையை. ஒருவர் உடைக்கும்போது மற்றவர் தடுக்கவே மாட்டார். கைகட்டி நின்று முழுதாகப் பார்ப்பார். முடிந்ததும் கொஞ்சம் யோசிப்பார், பிறகு தன் முறையைத் தொடங்குவார். கோயில் பந்தியில் இலை போடுவது போல அப்படி ஒரு ஒழுங்கு. தள்ளி ஒரு போலீஸ்காரர் காரில் உட்கார்ந்து எல்லாவற்றையும் நோட்டில் எழுதிக்கொண்டிருக்கிறார், உங்களைப் போலவே.

இங்கே ரகசியம் எதுவும் இல்லை. நமக்கும் தெரியும், உடைக்கிறவனுக்கும் தெரியும், இழக்கிறவனுக்கும் தெரியும். மூவரும் சேர்ந்து காத்திருக்கிறோம். குழாயை மிதித்த பையனிடமிருந்து 34 வருஷத்தில் இந்தக் கலை எவ்வளவு தூரம் வந்திருக்கிறது என்பதற்கு இந்தக் காத்திருப்பே அளவு. சாப்ளினின் வேகத்தில் இதை எடுத்திருந்தால் பாதிச் சிரிப்புகூடத் தேறாது.

படி 8: மற்றவர்களுக்குப் போடும்போது

தனியாகப் பார்த்தால் புன்னகை, கூட்டத்தோடு பார்த்தால் சிரிப்பு. நாலு பேராவது வேண்டும்.

இசையைக் கவனியுங்கள். அந்தக் காலத் தியேட்டரில் இவை சத்தமில்லாமல் ஓடியவை அல்ல, பியானோக்காரராவது இருப்பார். ஆனால் மலிவான பிரதிகளில் ஒரே ராகம் ஆரம்பத்திலிருந்து முடிவு வரை தடதடவென்று ஓடும், படத்துக்கும் அதற்கும் சம்பந்தமே இருக்காது. அதற்குச் சத்தத்தை அணைத்துவிடுவது மேல். கூட்டத்தின் சத்தமே போதும்.

நடுநடுவே திரையில் வரும் எழுத்து அட்டைகளை யாராவது ஒருவர் தமிழில் உரக்கப் படித்துச் சொல்லட்டும். ஒரே ஒரு வரிதான் என்றாலும் பிள்ளைகளுக்கு அது தெரிந்தாக வேண்டும். 'ஒன் வீக்'கில் எண்களை மாற்றும் இடத்தில் படத்தை நிறுத்தி, "இவன் என்ன பண்ணிட்டான் பாத்தீங்களா?" என்று ஒரு தடவை கேட்டுவிடுங்கள். அது தவறினால் பின்னால் வருகிற எல்லாம் வெறும் ஓட்டமாகத் தெரியும்.

முன்கூட்டியே நீங்கள் ஒரு தடவை பார்த்துவிட்டுப் போடுவது நல்லது. இந்தக் காலத்துப் படங்கள் சிலவற்றில் வெள்ளை நடிகர்கள் முகத்தில் கரி பூசிக்கொண்டு கறுப்பர்களைக் கேலி செய்யும் பிட்டுகள் உண்டு. கீட்டனின் 'தி பிளேஹவுஸ்' படத்திலும் வருகிறது. பிள்ளைகள் கேட்டால் பதில் சொல்லத் தயாராக இருங்கள், இல்லையென்றால் வேறு படம் எடுங்கள். இன்னொன்று, யாரும் எதையும் வீட்டில் செய்து பார்க்க வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். இன்னொரு மௌனப்பட காமெடி நடிகர் ஹெரால்ட் லாயிட் 1919இல் விளம்பரப் புகைப்படத்துக்காக நின்றபோது, பொம்மைக் குண்டு என்று நினைத்துப் பிடித்திருந்தது வெடித்து வலது கையில் இரண்டு விரல் போயிற்று. அதன் பிறகு கட்டடம் ஏறுகிற படங்களிலெல்லாம் கையுறைக்குள் அதை மறைத்துக்கொண்டுதான் நடித்தார்.

இரண்டாம் நாள் நான் குழாய்ப் படத்திலிருந்து ஆரம்பித்தேன். சின்னவன் அதையே நாலு தடவை போடச் சொன்னான். 'ஒன் வீக்'கில் முதல் ரயில் தாண்டிப் போனதும் "ஐ, தப்பிச்சுட்டாங்க!" என்று எழுந்து நின்று கை தட்டினான். இரண்டாவது ரயில் வந்தபோது அவன் இன்னும் நின்றுகொண்டுதான் இருந்தான்.

மறுநாள் காலையில் செடிக்குத் தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தேன். திடீரென்று தண்ணீர் நின்றது. நான் குழாய் வாயைப் பார்க்கவில்லை, திரும்பித்தான் பார்த்தேன். அங்கே யாரும் இல்லை. மோட்டார்தான் நின்றுபோயிருந்தது.